‘தண்ணி எங்க எடுப்பீங்க?’

கேள்வி: இடப்பெயர்வு, நினைவு பற்றி ஆவணப்படம் எடுப்பவர்கள் உண்மையில் என்ன வேலை செய்கிறார்கள்? என் பாட்டி 1960-களில் பர்மாவிலிருந்து வந்தவர். அவரைப் பேச வைத்துப் படமாக்க ஆசை. எங்கிருந்து தொடங்குவது?

நான் கடலூர் முதுநகர்க்காரி. பன்னிரண்டு வருடமாக ஆவணப்படம் எடுக்கிறேன். சோறு போடுவது கல்யாண வீடியோ எடிட்டிங். மீதி நாட்கள் எல்லாம் இந்த வேலைக்குத்தான். என் படங்கள் கடலூர், புதுச்சேரி, நெய்வேலி இந்த மூன்றுக்கு நடுவிலேயே முடிந்துவிடும். இந்தச் சின்ன வட்டத்துக்குள் அப்படி என்ன இடப்பெயர்வு என்று சென்னை நண்பர்கள் கேட்பதுண்டு. கடலூரில் பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்துக்குள் புதுச்சேரி. அந்தத் தூரத்துக்குள் கடல் வாரிக்கொண்டு போன வீட்டுக்காரர்கள் இருக்கிறார்கள், வியட்நாமின் சைகோனில் பிறந்தவர்கள் இருக்கிறார்கள், யாழ்ப்பாணத்திலிருந்து படகில் வந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இருக்கிறார்கள். மேற்கே போனால் சுரங்கத்துக்கு ஊரையே கொடுத்தவர்கள். ஒரு ஆயுள் போதாது எனக்கு.

வேலை என்ன என்று கேட்டீர்கள். முக்கால்வாசி நேரம் யார் வீட்டுத் திண்ணையிலாவது உட்கார்ந்திருப்பதுதான். கேமரா பைக்குள்ளேயே இருக்கும். மீதிக் கால்வாசியில் சரியான கேள்வியைத் தேடுகிறோம். அந்தக் கேள்வி எனக்கு எப்படிக் கிடைத்தது என்று சொல்லிவிட்டால் உங்கள் பாட்டி விஷயத்துக்கும் அதுவே பதிலாகிவிடும்.

என் முதல் படம் சுனாமி பற்றியது. 2004 டிசம்பர் 26 காலையில் கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். நான் கேமராவோடு போனது அதற்கு ஒன்பது வருடம் கழித்து. தேவனாம்பட்டினத்துக்குத் தெற்கே ஒரு மீனவர் ஊர், அவர்களுக்குத் தள்ளிக் கட்டிக் கொடுத்த சுனாமி குடியிருப்பு. வரிசை வரிசையாக ஒரே மாதிரி வீடுகள். ஒரு அக்கா, அப்போது ஐம்பது வயதிருக்கும். மூத்த மகனை இழந்தவர். ட்ரைபாடை நிறுத்தி, சேலையில் மைக்கைக் குத்தி, "அன்னிக்கு என்னக்கா நடந்துச்சு?" என்று கேட்டேன்.

சொன்னார். தண்ணீர் எந்தப் பக்கம் வந்தது, எதைப் பிடித்துக்கொண்டார், மகனை எங்கே கண்டெடுத்தார்கள், எல்லாம் தங்குதடையில்லாமல் வந்தது. கண்கூட கலங்கவில்லை. அதே சொற்களை அதே வரிசையில் எத்தனை மைக்குக்கு முன்னால் சொல்லியிருப்பார் என்று கேட்கும்போதே தெரிந்தது. அவர் மேல் குற்றமில்லை. அந்தக் கேள்வியை அத்தனை பேர் கேட்டிருக்கிறோம். சொல்லிச் சொல்லி அந்தப் பதில் அவருக்கு ஒரு கதவு மாதிரி ஆகிவிட்டது. நாம் அதற்கு வெளியே நிற்கிறோம்.

சரி, முடிந்தது என்று கேமராவை அணைத்து ஒயரைச் சுற்றிக்கொண்டிருந்தேன். தெருவில் தண்ணீர் லாரி வந்து குடங்கள் உருளும் சத்தம் கேட்டது. பேச்சுக்கு ஒன்று கேட்போமே என்று, "பழைய வூட்ல இருக்கும்போது தண்ணி எங்கக்கா எடுப்பீங்க?" என்றேன்.

அவர் எழுந்துவிட்டார். வாசலில் நின்று, முகத்தைக் கடல் பக்கம் திருப்பிக்கொண்டு, "படி எறங்கினா எதுத்தாப்ல எங்க மாமியா வூடு. வல காயப் போட்டிருப்பாங்க. மிதிக்காம இப்டி சுத்திக்கினு போவணும்" என்று அந்தச் சிமென்ட் தரையில் இல்லாத வலையைச் சுற்றி நடந்தார். "இங்க பூவரச மரம். அதுக்கு அந்தாண்ட அடி பம்பு. காலையில சீக்கிரம் போனா நல்ல தண்ணி. நேரமாச்சின்னா உப்புக் கரிக்கும்." கை தானாகப் பம்பை அடித்தது, நாலு அடி, ஐந்து அடி. அப்புறம் இடுப்பு உயரத்தில் ஒரு இடத்தைக் காட்டினார். "இந்தத் திண்டு மேல பெரியவன் உக்காந்துக்குவான். கொடத்துக்கு ஒரு ரூபா குடும்மாம்பான். குடுக்கவே மாட்டேன். நாளைக்கு நாளைக்கும்பேன்."

அவ்வளவுதான். அதற்குமேல் அவர் பேசவில்லை. நானும் பேசவில்லை. கேமரா பைக்குள் இருந்தது.

இன்னொரு தடவை சொல்லுங்கக்கா என்று கேட்க நாக்கு வரை வந்தது. கேட்கவில்லை. இத்தனை வருடத்தில் நான் செய்ததில் எனக்கு நிச்சயமாகச் சரியென்று படுவது அந்த ஒன்றுதான். ‘என்ன நடந்தது’ என்று கேட்டால் நமக்கு நிகழ்ச்சி கிடைக்கும். ‘எந்த வழியாகப் போவீர்கள்’ என்று கேட்டால் ஊர் கிடைக்கும். ஊர் வந்தால் அதில் இருந்தவர்கள் பின்னாலேயே வருவார்கள். அன்றிலிருந்து யாரிடம் போனாலும் வழிதான் கேட்கிறேன். தண்ணீருக்கு, கடைக்கு, பள்ளிக்கூடத்துக்கு, இடுகாட்டுக்கு.

அந்தக் குடியிருப்பு பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். சுனாமிக்குப் பிறகு அரசு போட்ட விதிப்படி, கடலிலிருந்து 200 மீட்டருக்குள் இருந்தவர்கள் உதவியோடு வீடு கட்டிக்கொள்ள வேண்டுமென்றால் தள்ளித்தான் போக வேண்டும். புது வீட்டை வாங்கிக்கொண்டால் பழைய மனையை விட்டுக்கொடுத்துவிட வேண்டும். பாதுகாப்புக்குத்தான், மறுக்கவில்லை. ஆனால் மீன்பிடிக்கிறவருக்கு வாசலில் நின்றால் கடல் தெரிய வேண்டும். தண்ணீரின் நிறம், அலையின் போக்கு, கொண்டல் காற்று அடிக்கிறதா என்று பார்த்துத்தான் அன்றைக்குப் படகை இறக்குவதா வேண்டாமா என்று முடிவு செய்கிறார்கள். அந்த அக்காவின் வீட்டுக்காரர் விடியற்காலை நாலு மணிக்கு மொட்டை மாடியில் ஏறிக் கடலைப் பார்ப்பார். தெரிவது ஒரு கோடு. வெளிச்சத்துக்கு முந்திய அந்தக் கோட்டை மூன்று நாள் படம் எடுத்தேன். இடம்பெயர்வதென்றால் ஆயிரம் மைல் போக வேண்டியதில்லை என்று எனக்குப் புரிய வைத்தது அந்த மொட்டை மாடி.

இதற்கு நேர்மாறாக ஒருவரைப் புதுச்சேரியில் பார்த்தேன். முத்தியால்பேட்டையில் ஒரு ஆயா, எண்பதை ஒட்டிய வயது, சைகோனில் பிறந்தவர். பிரெஞ்சுக்காரர் காலத்தில் புதுச்சேரி, காரைக்கால் தமிழர்கள் அங்கே போலீஸ்காரர்களாக, வரி வசூலிப்பவர்களாக, கணக்கர்களாகப் போயிருக்கிறார்கள். பட்டாளத்தில் போனவர்களை நம்மூரில் இன்றும் சொல்தா என்றுதான் சொல்வோம். 1881-ல் வந்த ஒரு ஆணைப்படி தங்கள் வழக்கச் சட்டத்தை விட்டுக்கொடுத்துப் பிரெஞ்சுச் சட்டத்தை ஏற்றுக்கொண்ட குடும்பங்களும் உண்டு. அவர்களுக்குப் புதிய குடும்பப் பெயர்களும் வந்தன. 1954 மே மாதம் வியட்நாமில் தியன் பியன் பூ சண்டையில் பிரான்ஸ் தோற்றது. அதே வருடம் நவம்பர் 1-ம் தேதி புதுச்சேரியின் நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது. ஒரே வருடத்தில் அந்தக் குடும்பங்களுக்குப் போன இடமும் மாறியது, புறப்பட்ட இடமும் மாறியது.

ஆயா பத்து வயதில் கப்பலில் வந்தவர். "நீங்க எப்பத் திரும்பி வந்தீங்க ஆயா?" என்று வழக்கம்போல் கேட்டேன். என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "எல்லாரும் திரும்பி வந்தேன்னுதான் சொல்றீங்க. நான் எங்க பாப்பா திரும்பினேன்? நான் இந்த ஊரையே பாத்ததில்ல. எங்கப்பாதான் திரும்பினாரு. நான் வந்தேன்."

இந்த ஒரு வாக்கியத்துக்காகவே என் பழைய பட விவரணை ஒன்றைத் திருத்தி மறுபடி பதிவு செய்தேன். 1964 சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தப்படி இலங்கை மலையகத்திலிருந்து 5,25,000 பேரை இந்தியா ஏற்பதாக முடிவானது. அவர்களுக்கும் ‘தாயகம் திரும்பியோர்’ என்றுதான் பெயர் வைத்தார்கள். அதில் எத்தனையோ பேர் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான லயத்தில் பிறந்து, இந்தியாவைப் பாட்டன் வாய்ச் சொல்லாக மட்டும் அறிந்தவர்கள். உங்கள் பாட்டியிடம் பேசும்போது இந்தத் ‘திரும்பி’ என்ற சொல்லைக் கவனமாக வையுங்கள். அவர் பர்மாவில் பிறந்தவரா, இங்கே பிறந்து அங்கே போனவரா என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்.

ஆயாவிடம் வழி கேட்டேன். வீட்டிலிருந்து காத்தினா தெரு வரைக்கும் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு போவாராம். எந்தத் திருப்பத்தில் ரொட்டி மணக்கும், எங்கே வாத்துகளைக் கட்டித் தொங்கவிட்டிருப்பார்கள் எல்லாம் வந்தது. பேரன் போனை எடுத்து வரைபடத்தில் தேடினான். காத்தினா தெரு கிடைக்கவில்லை. பிரெஞ்சுக்காரர் போனதும் அதற்கு ஒரு பெயர், 1975-க்குப் பிறகு டோங் கோய் என்று இன்னொரு பெயர். ஊரின் பெயரே ஹோ சி மின் நகரம். ஆயாவுக்கு வருத்தமொன்றும் இல்லை. "பேரு போனா என்ன, ரோடு அங்கதான இருக்கும்" என்றார்.

அன்று அவர் நெம் என்ற வியட்நாம் பலகாரம் செய்துகொண்டிருந்தார். அந்தக் கைகளை நான் பதினான்கு நிமிடம் விடாமல் எடுத்தேன். கண்ணாடி மாதிரி மெல்லிய அரிசித் தாளைத் தண்ணீரில் முக்கி எடுத்து ஈரத்துணி மேல் போடுவார். உடனே தொட மாட்டார். இருபதோ முப்பதோ எண்ணுவது போல் காத்திருப்பார். தாள் தளர்ந்து துணியோடு படிந்ததும் இறாலும் சேமியாவும் கலந்த பூரணத்தை விரல் நீளத்துக்கு வைத்து, முன்பக்கம் ஒரு மடிப்பு, இரண்டு ஓரமும் உள்ளே, அப்புறம் உருட்டல். கட்டைவிரல் உள்ளே அழுத்திக்கொண்டே போகும், காற்று இருந்தால் எண்ணெயில் வெடித்துவிடும் என்று. பேசும்போது கைகள் நிற்கவே இல்லை. பிரெஞ்சும் தமிழும் கலந்து பேசுகிறவர், எண்ணும்போது மட்டும் வியட்நாம் மொழியில் எண்ணினார். அவர் அதைக் கவனிக்கவில்லை. ஒலியைத் திரும்பக் கேட்கும்போதுதான் எனக்கே தெரிந்தது. படத்தில் அந்தக் காட்சி மூன்று நிமிடம் வருகிறது. ஒரு நிமிடமாகக் குறைக்கச் சொன்னார்கள். குறைக்க மனசு வரவில்லை.

நெய்வேலிப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் விஷயத்தில் என் கேள்வி தடுமாறிப் போனது. அங்கே முதல் சுரங்கப் பணியை நேரு 1957 மே மாதம் தொடங்கி வைத்தார். பழுப்பு நிலக்கரி ஏறக்குறைய 50 மீட்டரும் அதற்கு மேலும் ஆழத்தில் கிடக்கிறது. மேலே இருக்கிற மண் முழுவதையும் அகற்றினால்தான் எட்டும். மண் மேல் இருந்த ஊர்களும் சேர்ந்தே போயின. பெரியவரை வண்டியில் ஏற்றிக்கொண்டு, சுரங்கம் தெரிகிற ஒரு மேட்டில் நிறுத்தி, "உங்க தெரு எந்தப் பக்கம் ஐயா?" என்றேன். அவர் கையை நீட்டினார். பள்ளத்தைக் காட்டுவார் என்று நான் கேமராவைக் கீழே சாய்த்தேன். அவர் கை நேராக நின்றது. நாங்கள் நின்ற தரை மட்டத்திலேயே, எதிரில் இருந்த வெட்டவெளியைக் காட்டிக்கொண்டிருந்தது. "அங்கதாம்மா. ஊரு அந்த ஒசரத்துலதான இருந்துச்சு. கீழ இருக்கறது எங்க ஊரு இல்ல." அவர் சொன்னதுதான் கணக்குப்படி சரி. கேமராவை மறுபடி நிமிர்த்தி, ஒன்றுமில்லாத அந்த இடத்தை எடுத்தேன்.

ஈழத்தமிழர் முகாம் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன். அவர்களில் பெரும்பாலோர் இன்னும் இந்தியக் குடியுரிமை இல்லாமல் இருப்பவர்கள். பொதுவெளியில் அவர்களைப் பற்றி எழுதும்போது கை தயங்க வேண்டும். முகாமுக்குள் கேமரா கொண்டுபோக அனுமதி வேண்டும். எனக்குக் கிடைக்கவில்லை. கிழக்குக் கடற்கரைச் சாலையோரம் ஒரு டீக்கடையில் வைத்து ஒரு தாயையும் மகளையும் குரல் மட்டும் பதிவு செய்தேன். மகள் இங்கே பிறந்தவள், பிளஸ் டூ படிக்கிறாள். அவளிடம் ஊர் வீட்டுக்கு வழி கேட்டேன். பார்த்தே இராத ஊருக்கு மடமடவென்று வழி சொன்னாள், சந்தி, பனங்கூடல், வைரவர் கோயில் என்று. ஒரு இடத்தில், "அந்தத் தெருவில வலப்பக்கம் திரும்பினா…" என்றாள். தாய் குறுக்கிட்டார். "தெரு இல்லையடி, ஒழுங்கை. இடப்பக்கம்." மகள் திருத்திக்கொண்டு மறுபடி முதலிலிருந்து சொன்னாள், பாடம் ஒப்பிக்கிற மாதிரி. அந்த வீடு இப்போது இருக்கிறதா என்று நான் கேட்கவில்லை.

வழியே தெரியாதவர்களும் வருகிறார்கள். 1853-ல் ஒரேலி என்ற கப்பல் புதுச்சேரியிலிருந்து கூலிகளை ஏற்றிக்கொண்டு கரீபியன் கடலில் இருக்கும் பிரெஞ்சுத் தீவான மார்த்தினிக் போய்ச் சேர்ந்தது. அடுத்த வருடம் அதன் பக்கத்துத் தீவு குவாதலூப். இந்தியப் பெருங்கடலில் இருக்கும் பிரெஞ்சுத் தீவான ரெயூனியனுக்கு அதற்கு முன்பிருந்தே ஆட்கள் போனார்கள். அவர்களுடைய ஐந்தாம் ஆறாம் தலைமுறை இப்போது பதிவேட்டு நகலோடு புதுச்சேரியில் வந்து நிற்கிறது. அதில் ஊர்ப் பெயர் பிரெஞ்சு எழுத்தில் இருக்கும். கண்ணால் படித்தால் ஒன்றும் புரியாது, வாய்விட்டுப் படிக்க வேண்டும். ‘வில்னூர்’ என்று வந்தால் வில்லியனூர். ‘ஊல்கரே’ என்று வந்தால் உழவர்கரை. ரெயூனியன் அம்மா ஒருவரின் தாளை அப்படித்தான் சத்தமாக வாசித்து வாசித்து, பாகூர்ப் பக்கம் என்று கண்டுபிடித்தோம். ஏரிக்கரையில் உட்கார்ந்திருந்த பெரியவர்களிடம் அந்த அம்மா என் மூலமாக ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "இங்கேயிருந்து அந்தக் காலத்தில் துறைமுகத்துக்கு எப்படிப் போவார்கள்?" நான் சொல்லிக் கொடுக்கவில்லை, அவராகவே கேட்டார். பெரியவர்கள் மாட்டு வண்டித் தடம் போன திசையைக் காட்டினார்கள். செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு அந்தத் திசையில் அரை மணி நேரம் நடந்தார். நான் பின்னால் நடந்தேன், அவர் முகம் தெரியாமல்.

சில நடைமுறை விஷயங்கள். யாரையும் எடுக்குமுன் எழுத்தில் சம்மதம் வாங்குவேன். ஆனால் அந்தக் காகிதத்தை நான் பெரிதாக நம்புவதில்லை. மனசு மாறலாம். திரையிட ஒரு வாரம் இருக்கும்போது ஒரு அம்மா, தன் மருமகள் வீட்டில் பிரச்சினை வரும் என்று சொன்னார். ஒன்பது நிமிடத்தை எடுத்துவிட்டேன். அப்புறம், படம் விழாவுக்குப் போகுமுன் அந்தத் தெருவுக்குப் போக வேண்டும். வெட்டாத முழுப் பேச்சும் ஒரு பென் டிரைவில் அந்த வீட்டுக்குப் போக வேண்டும். அது அவர்கள் சொத்து.

சுனாமி படத்தை அந்தக் குடியிருப்பில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டித்தான் காட்டினோம். பாதிப் படத்தில் ஒருவர் எழுந்து, "பூவரசு பம்புக்கு இந்தாண்ட இருந்துச்சு, தப்பா சொல்லிக்கீறாங்க" என்றார். உடனே இன்னொருவர் இல்லை என்றார். கூட்டமே இரண்டாகப் பிரிந்துவிட்டது. படத்தை நிறுத்தச் சொல்லிவிட்டு, மணலில் காலாலேயே கோடு போட்டு ஊரை வரைய ஆரம்பித்தார்கள். இது ஐஸ் வாடி, இது மாரியம்மன் கோயில், இது உன் மச்சான் வீடு. சுனாமிக்குப் பிறகு பிறந்த பிள்ளைகள் அந்தக் கோடுகளுக்கு உள்ளே போய் நின்றுகொண்டு, "எங்க வூடு எது?" என்று கேட்டார்கள். அந்த அக்கா யாரோடும் சண்டைக்குப் போகவில்லை. நேராகப் போய்ப் பம்பு இருந்த இடத்தில் ஒரு செங்கல்லை வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார். படத்தின் மறுபாதியை அன்று யாரும் பார்க்கவில்லை.

இப்போது உங்கள் பாட்டி. 1962-ல் ராணுவத் தளபதி நே வின் ஆட்சியைப் பிடித்தார், 1964-ல் கடைகளை எல்லாம் அரசுடைமையாக்கினார்கள், பெரிய நோட்டுகள் செல்லாது என்றார்கள், நம் ஆட்கள் வெறுங்கையோடு சென்னைக்குக் கப்பல் ஏறினார்கள். இதெல்லாம் புத்தகத்தில் இருக்கிறது, அவரிடம் கேட்க வேண்டாம். முதல் நாள் கேமரா வேண்டாம், போன் போதும். அவர் வெற்றிலை மடிக்கிறாரோ கீரை ஆய்கிறாரோ, அந்த நேரம் பார்த்துப் பக்கத்தில் உட்காருங்கள். அங்கே வீட்டிலிருந்து தண்ணீருக்கு எந்தப் பக்கம் போவார் என்று கேளுங்கள். அவர் நடுவில் நிறுத்தினால் நீங்கள் எதையும் சொல்லி இட்டு நிரப்பாதீர்கள். காற்றாடியை நிறுத்திவிட்டு, போனைப் பாட்டியின் மடிக்குப் பக்கத்தில் துணி மேல் வையுங்கள். பேச்சு முடிந்த பிறகும் ஒரு நிமிடம் அணைக்காமல் விடுங்கள்.